விடை தெரிந்த கேள்விகள்

பொது வாய்மொழித் தேர்வில், தனக்கு விடை தெரியாத கேள்வியை எவரும் கேட்கலாகாது. இந்த விதி எந்தப் பல்கலைக்கழக ஒழுங்குமுறையிலும் அச்சிடப்படவில்லை. அச்சிட்ட விதிகள் பலவும் தாராளமாக மீறப்பட்ட அந்தத் திருச்சிக் கல்லூரியில், அச்சிடாத இந்த ஒன்றை மட்டும் எல்லாரும் பக்தியோடு காப்பாற்றி வந்தார்கள். முனைவர் பட்ட ஆய்வாளர் தம் ஆய்வைப் பொதுமக்கள் முன்னிலையில் வைத்துத் தற்காத்துப் பேச வேண்டும், பொதுமக்கள் ஐயம் எழுப்ப வேண்டும் என்பது சட்டம். நடைமுறையில் பொதுமக்கள் என்போர் ஆய்வாளரின் உறவினர், மதியச் சாப்பாட்டின் மணம் பிடித்து வந்த பக்கத்துத் துறையினர், அடுத்து அதே மேடையில் நிற்கக் காத்திருக்கும் சக ஆய்வாளர்கள். கேள்விகள் முந்தைய நாளே வாட்ஸப்பில் பங்கிடப்பட்டுவிடும். கேட்பவர் எழுந்து, ஆய்வாளரை வாழ்த்தி, நெறியாளரை வணங்கி, கைபேசியைப் பார்த்துக் கேள்வியை வாசிப்பார். ஆய்வாளர் "நல்ல கேள்வி" என்று வியந்து, மனப்பாடம் செய்த விடையைச் சொல்வார். புறத்தேர்வாளர் தலையசைப்பார். பிறகு பந்தி.

அந்த அரங்கின் வரலாற்றில் விதிக்குப் புறம்பாக எழுந்த கேள்வி ஒன்றுதான் என்று, அங்கேயே பட்டம் வாங்கிய ஜெபராஜ் அடிக்கடி சொல்வான். அவனுடைய தேர்வன்று மணப்பாறையிலிருந்து வந்திருந்த அவன் பெரியப்பா எழுந்து, கை கழுவுகிற இடம் எங்கே இருக்கிறது என்று கேட்டார். ஜெபராஜ் பழக்கதோஷத்தில் அதற்கும் "நல்ல கேள்வி" என்றுவிட்டான்.

யாழினி இந்த விதியை முழுமையாக நம்பினாள். உறையூரிலிருந்து டவுன் பஸ்ஸில் வந்து வந்து அவள் எழுதி முடித்த ஆய்வேட்டின் தலைப்பு, 'தமிழ் வெகுசன ஊடகங்களில் வங்காள நடிகையர்: மாறிவரும் சித்திரிப்புகள்.' அதன் முதல் இயலில் வங்காள நடிகை அழுதார். பெரிய குங்குமப் பொட்டும் சங்கு வளையலுமாக, கையில் விளக்கோடு, மாடிப்படி இறங்கிக்கொண்டே அழுதார். இரண்டாம் இயலில் ரசகுல்லா ஆனார். சினிமாப் பத்திரிகைகளின் நடுப்பக்கத்தில் படக்குறிப்பு எழுதியவர்களுக்கு வேறு உவமை கிடைக்காததால், வங்காளத்திலிருந்து வந்த ஒவ்வொருவரும் ரசகுல்லாவாகவே இருந்தார்கள். பஞ்சாபிலிருந்து வந்த ஒருவரும்கூட. நான்காம் இயலில் மொழிமாற்றுத் தொடர்களின் மருமகளாகி, முந்தானையில் சாவிக்கொத்தை முடிந்துகொண்டு மாமியாரைப் பொறுத்துக்கொண்டார். அதே இயலின் பிற்பாதியில் சூனியக்காரியாகி அந்த மாமியாரைப் பாம்பாக்கினார். ஐந்தாம் இயலில் கைபேசித் திரைக்குள் வந்து, கண்ணாடி அணிந்த போலீஸ் அதிகாரியாகப் புகைபிடித்தார்.

மூன்றாம் இயல் முழுவதும் ஒரே ஒரு நடிகைக்கு உரியது. சுனந்தினி சென்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் சில தமிழ்ப் படங்களில் நடித்துவிட்டுக் காணாமற்போனவர் சுனந்தினி சென். அந்தப் படங்களுள் ஒன்றில், கணவன் விட்டுப் போன பிறகு அவர் குளத்துப் படியில் அமர்ந்து, முகத்தை நிமிர்த்தி, எதையோ பார்க்கும் காட்சி வரும். வசனம் கிடையாது, கண்ணீர் கிடையாது. யாழினி அந்தக் காட்சியை நிறுத்தி நிறுத்திப் பார்த்து, அந்தக் கண்களில் 'பிளவுண்ட வங்கத்தின் ஆறாத் துயர்' உறைந்திருப்பதைக் கண்டுபிடித்தாள். பேட்டிகளில் அவர் வாய் திறந்ததே இல்லை. கேள்விக்குப் புன்னகைத்தார், விடையைத் தயாரிப்பாளர் சொன்னார். இதற்கு யாழினி 'மௌனத்தின் அரசியல்' என்று உள்தலைப்பு இட்டாள். படங்களில் அவர் பேசிய தமிழை 'ஹூக்ளி நதியின் ஈரம் படிந்த உச்சரிப்பு' என்று வருணித்தாள். இறுதியில் அவர் கல்கத்தாவுக்கே திரும்பிவிட்டார் என்று, ஒரு வார இதழைச் சான்று காட்டி, அடிக்குறிப்பும் இட்டாள்.

நெறியாளர் பேராசிரியர் பீமராவுக்கு இந்த இயல் மிகவும் பிடித்திருந்தது. அவர் எந்தப் படத்தையும் பார்த்தவர் அல்லர். ஆனால் ஆய்வுக்கு ஓர் அம்புக்குறி வேண்டும் என்பதில் உறுதியானவர்.

"இங்கேருந்து அங்கேன்னு ஒரு அம்பு போகணும்மா. அழுகையிலிருந்து ஆளுமைக்கு. அழுகை இந்தப் பக்கம், ஆளுமை அந்தப் பக்கம். நடுவுல மௌனம். உன் சுனந்தினிதான் அம்போட தண்டு. அவங்கள உருவிட்டா மிச்சம் இருக்கறது ஒரு கூர், ஒரு இறகு. அத வெச்சுக்கிட்டு என்ன பண்ணுவ?"

தேர்வு நாளன்று காலையில், ஸ்ரீரங்கம் வடக்குச் சித்திரை வீதியில் அவர் வீட்டுக்கு ஆசி வாங்கப் போனபோதும் இதையே சொன்னார். அவர் அந்த மாத இறுதியில் ஓய்வு பெறுகிறார். புறத்தேர்வாளர் சகாயநாதன் பலமுறை தேதி தள்ளி, கடைசியில் கிடைத்த நாள் இது. இன்று தேர்வு முடியாமற் போனால் யாழினிக்கு வேறு நெறியாளர் தேட வேண்டும். துறையில் மிச்சமிருந்த ஒரே நெறியாளரோ, சங்க இலக்கியத்தில் பறவைகள் அல்லாத எதையும் ஆராய்ச்சி என்று ஒப்புக்கொள்ளாதவர்.

"சகாயநாதன் சாருக்கு மூணு மணிக்கு ரயில்," என்றார் பீமராவ். "சாப்பிட்டுட்டுப் போகணும். அதனால ஒரு மணிக்குள்ள நீ முனைவர். எல்லாருக்கும் கேள்வி போயிடுச்சோ?"

"போயிடுச்சுங்க ஐயா. ஜெபராஜ் அண்ணனுக்குக் குளத்தங்கரைக் கேள்வி. உங்களுக்கு நேத்தே அனுப்பிட்டேன்."

"சகாயநாதன் சாருக்கு?"

"அவருக்கு நீங்கதான் அனுப்பணும்னீங்க."

"அனுப்பினேன். பெருவிரல் போட்டிருக்கார்," என்று பீமராவ் நிம்மதியாகக் கைபேசியைக் காட்டினார்.

யாழினி காவிரியைக் கடந்து கல்லூரிக்கு வந்து சேர்ந்தபோது, வாயிலில் அவளை அவளே வரவேற்றாள். தாய்மாமன் ரெங்கராஜின் ஏற்பாடு. மண்ணச்சநல்லூரில் அரிசித் தரகராக இருந்த அவர், காதுகுத்து முதல் கருமாதி வரை எதற்கும் பிளெக்ஸ் வைக்காமல் விட்டதில்லை. 'வங்காள நடிகைகளை ஆராய்ந்து முனைவர் பட்டம் பெற்ற எங்கள் குலக்கொழுந்தே!' என்று கொட்டை எழுத்தில் இருந்தது. தேர்வே இனிமேல்தான் என்பது மாமனைத் தடுக்கவில்லை. ஒரு மூலையில் யாழினியின் பாஸ்போர்ட் படம். நடுவில், அதைப்போலப் பன்மடங்கு பெரிதாக, கைகூப்பிய ரெங்கராஜ். அவருக்குப் பின்னால், அழைப்பிதழிலிருந்து வெட்டி எடுத்து ஒட்டிய குளத்துப் படி சுனந்தினி சென். மாமனின் தோளுக்கு மேலாக அவர் எங்கோ பார்த்துக்கொண்டிருந்தார்.

"எப்படிம்மா இருக்கு?" என்று ரெங்கராஜ் ஓடி வந்தார். சாப்பாட்டுப் பொறுப்பும் அவருடையதுதான். "நம்ம ஊரு பஸ் ஸ்டாண்டுலயும் ஒண்ணு வெச்சிருக்கேன். இதவிடப் பெருசு."

"மாமா, 'பெற்ற'ன்னு போட்டிருக்கு. இன்னும் வாங்கலையே."

"வாங்கறதுக்குள்ள வெயில்ல வெளுத்துடும்மா. அதான் முன்கூட்டியே."

அரங்கின் வாசலில் ஒரு மேசை போட்டு, அதில் ஆய்வேட்டின் ஒரு பிரதியை வைத்திருந்தார்கள். பொதுமக்கள் புரட்டிப் பார்ப்பதற்காக வைக்கப்படும் அந்தப் பிரதியை இதுவரை எவரும் புரட்டியதில்லை. பெரும்பாலும் அதன்மேல் பூங்கொத்து இருக்கும். அன்று பூங்கொத்து கீழே இருந்தது. ஐம்பதைக் கடந்த ஒரு பெண்மணி நின்றவாறே ஆய்வேட்டை வாசித்துக்கொண்டிருந்தார். நல்ல கஞ்சி போட்ட கைத்தறிச் சேலை, பொன்விளிம்புக் கண்ணாடி, கையில் கார்ச் சாவி. பக்கங்களை அவர் திருப்பிய விதத்தில் ஒரு கறார்த்தன்மை இருந்தது.

அவரைக் கண்டதும் ரெங்கராஜ் தோளில் கிடந்த துண்டை எடுத்து இடுப்புக்குக் கொண்டுபோனார்.

"அம்மா! நீங்க எங்கம்மா இங்க? அந்த லோடு நாளைக்குக் காலையில மில்லுக்கு வந்துரும்மா. டிரைவருக்கு மேலுக்கு முடியல, அதான்..."

"லோடுக்கு வரல ரெங்கராஜு. நீங்க போய் சாம்பாரப் பாருங்க."

ரெங்கராஜ் போனார். போகும்போது யாழினியின் காதில், "எங்க மில்லுக்காரம்மா. ஒரு கைப்பிடி அரிசியப் பாத்தே எந்த வயல்னு சொல்லிடுவாங்க. இருபது வருஷப் பழக்கம். பாத்துப் பேசு," என்று எச்சரித்துவிட்டுப் போனார்.

மில்லுக்காரம்மா ஆய்வேட்டை மூடாமல், விரலை இடையில் வைத்துக்கொண்டு நிமிர்ந்தார்.

"நீதானே யாழினி? உன் படம் எங்க ஊரு பஸ் ஸ்டாண்டுல தொங்குது. அதே பிளெக்ஸ்ல என் படமும் தொங்குது. கார நிறுத்தச் சொல்லிப் பாத்தேன். அதான் என்ன ஏதுன்னு கேட்டுட்டுப் போலாம்னு வந்தேன்."

யாழினிக்கு முதலில் விளங்கவில்லை. பிளெக்ஸின் அடியில் வரிசையாக மாமனின் நண்பர்கள் படங்களும் இருந்தன. அவற்றுள் ஒன்றாக இருக்கும் என்று நினைத்தாள்.

"மாமா உங்ககிட்ட கேக்காம போட்டுட்டாரா? மன்னிச்சுக்குங்கம்மா. எந்த வரிசைன்னு சொன்னீங்கன்னா..."

"வரிசையில இல்லம்மா. உங்க மாமா தோளுக்கு மேல."

"அது சுனந்தினி சென்னுங்க. வங்காள நடிகை."

"அப்படித்தான் சொன்னாங்க," என்று அந்தப் பெண்மணி ஒப்புக்கொண்டார். "என் பேரு இருசம்மாள். காலேஜ் படிக்கறப்ப தெப்பக்குளத்துப் பக்கம் ஒரு ஸ்டூடியோக்காரர் என் போட்டோவ வெளியில மாட்டியிருந்தாரு. அதப் பாத்துட்டு மெட்ராஸ்லேருந்து கூப்ட்டு விட்டாங்க. தயாரிப்பாளர் கேட்டாரு, பேரென்னன்னு. சொன்னேன். ஊரென்னன்னாரு. சொன்னேன். கொஞ்ச நேரம் யோசிச்சாரு. 'சரிம்மா, அப்ப நீ கல்கத்தா'ன்னாரு."

யாழினி சிரித்தாள். உடன் யாரும் சிரிக்காததால் நிறுத்தினாள்.

இருசம்மாள் கண்ணாடியைக் கழற்றிச் சேலைத் தலைப்பால் துடைத்தார். துடைத்துவிட்டு, வெளிச்சத்துக்குப் பிடித்துப் பார்க்க முகத்தை நிமிர்த்தினார். அந்த நிமிர்தலை யாழினி எத்தனையோ முறை திரையில் நிறுத்திவைத்துப் பார்த்திருக்கிறாள். மூடிய இமை எந்த வேகத்தில் உயரும், இடப் புருவம் எவ்வளவு தாமதமாக அதைத் தொடரும் என்பதற்கு மட்டும் ஆய்வேட்டில் ஒரு பத்தி ஒதுக்கியிருக்கிறாள். பிளவுண்ட வங்கத்தின் ஆறாத் துயர் அவளெதிரே நின்று கண்ணாடியில் தூசி பார்த்தது.

"அம்மா," என்றாள்.

"நான் கல்கத்தாவுக்குத் திரும்பிட்டேன்னு எழுதியிருக்கியேம்மா. நான் கல்கத்தாவப் பாத்ததே இல்ல. ஒருதடவ காசிக்குப் போனப்ப ரயில் அந்தப் பக்கமாப் போகும்னாங்க. அதுவும் போகல."

"அப்ப அந்த உச்சரிப்பு? தமிழ் பேசறப்ப வர்ற அந்த..."

"அது வேற ஒருத்தங்க குரல். பாவம், காரைக்குடிக்காரங்க. தமிழக் கடிச்சுத் துப்புன்னு அவங்களுக்குச் சொல்லிக் குடுத்தாங்க. கல்கத்தாக்காரி தமிழ் பேசினா தப்பாயிடுமாம், அதனால நான் ஷூட்டிங்ல டயலாக்குக்கு உதட்ட அசைக்கறதோட சரி, மத்தபடி வாயே தெறக்கக்கூடாது. ஒரு வருஷம்மா. எனக்குத் தமிழ் தெரியாதுன்னு நெனச்சுக்கிட்டு, என் மூஞ்சிக்கு முன்னாடியே என்னப் பத்தி என்னென்ன பேசினாங்கங்கற! எல்லாத்தையும் கேட்டுக்கிட்டு, ஒண்ணும் புரியாத மாதிரி சிரிச்சுக்கிட்டு நிப்பேன். பேட்டி எடுக்க வந்தவங்களும் தயாரிப்பாளரையே கேட்டு, அவரு சொன்னதையே எழுதிட்டுப் போனாங்க. அதத்தான் நீ இங்க..." அவர் விரல் வைத்திருந்த இடத்தைத் திறந்து தேடி, மெல்ல வாசித்தார். "'மௌனத்தின் அரசியல்.' நல்லா எழுதியிருக்க. புரியல, ஆனா நல்லா இருக்கு."

"ஊர்ல யாருக்கும் தெரியாதாம்மா?"

"எங்க வீட்டுக்காரருக்குத் தெரியும். மத்தவங்க கேக்கல, நானும் சொல்லல." கண்ணாடியை மாட்டிக்கொண்டார். அரங்கின் கதவில் ஒட்டியிருந்த அறிவிப்பைக் காட்டினார். "பொதுன்னு போட்டிருக்கே. நான் உள்ள வந்து உக்காந்து கேக்கலாமா?"

யாழினி தலையை ஆட்டிவிட்டு, துறைத்தலைவர் அறைக்கு ஓடினாள். அங்கே பீமராவ் தனியாக அமர்ந்து, புறத்தேர்வாளருக்குப் போர்த்த வேண்டிய சால்வையின் மடிப்பைச் சரி பார்த்துக்கொண்டிருந்தார். அவள் சொன்னதை அவர் முழுவதும் கேட்டார். கேட்டு முடித்ததும், தேடுபொருள் கிடைத்த நிதானத்தோடு ஆய்வேட்டைத் திறந்தார்.

"அவங்க கல்கத்தாவுலதானே இருக்காங்க? பக்கம் இருநூத்து நாப்பத்தொண்ணு. அடிக்குறிப்பு இருக்கே."

"வாசல்ல நிக்கறாங்க ஐயா."

"அதுக்குச் சான்று?"

"நிக்கறாங்க ஐயா. மாமாவோட மில்லுக்காரம்மா."

பீமராவ் ஆய்வேட்டை மூடினார். திறந்தார். மீண்டும் மூடினார். நல்ல மனிதர், இந்த ஐந்தாண்டுகளில் யாழினியிடம் ஒருமுறைகூடக் குரலை உயர்த்தாதவர். இப்போதும் உயர்த்தவில்லை.

"அம்மா யாழினி, ஒரு அம்புல தண்டு வங்காளத்து மூங்கிலா, மண்ணச்சநல்லூர் மூங்கிலான்னு இலக்குக்குத் தெரியப் போறதில்ல. இன்னிக்கு ஒரு நாள் அவங்க வங்காளத்துலயே இருக்கட்டும். பட்டம் வந்தப்புறம் நிதானமா மண்ணச்சநல்லூருக்குக் கூட்டிட்டு வருவோம். அத ஒரு தனிக் கட்டுரையாவே எழுதலாம். இன்னிக்கு வேண்டாம். நீ பறவை ஆராயப் போறியா? சொல்லு."

யாழினி பறவைகளை நினைத்துப் பார்த்தாள். "வேண்டாங்க ஐயா," என்றாள்.

"அந்தம்மா கேள்வி எதுவும் கேப்பாங்களா?"

"கேக்கற மாதிரி தெரியல. உக்காந்து கேட்டுக்கறேன்னாங்க."

"அவ்வளவுதான். பிரச்சினையே இல்ல," என்று பீமராவ் சால்வையை எடுத்துக்கொண்டு எழுந்தார்.

அரங்கு நிறைந்திருந்தது. முதல் வரிசையில் யாழினியின் தாய் ஆனந்தவள்ளி பட்டுச் சேலையில் அமர்ந்து, தன் பிற்பகல் தொடரைத் தியாகம் செய்த பெருமிதத்தோடு பக்கத்தில் இருந்தவரிடம் பேசிக்கொண்டிருந்தார். மூன்றாம் வரிசையின் ஓரத்தில் இருசம்மாள். மேடையில் சகாயநாதன், நெடிய உருவம், கைக்கடிகாரத்தைக் கழற்றித் தமக்கு முன்னால் நிறுத்தி வைத்திருந்தார். சால்வைகள் போர்த்தப்பட்டன. இணையவழியில் கலந்துகொண்டோரில் ஒருவர் ஒலிவாங்கியை அணைக்க மறந்ததால், எங்கோ கே.கே. நகரில் ஒரு குக்கர் விசில் அடித்தது. ஆனந்தவள்ளி கைதட்டினார், அது வாழ்த்து என்று நினைத்துவிட்டார்.

யாழினி பேசத் தொடங்கினாள். முதல் இயலை அழவைத்தாள். இரண்டாம் இயலைப் பாகில் போட்டாள். திரையில் அடுத்த படம் வந்தது. குளத்துப் படி. நிமிர்ந்த முகம்.

அவள் அறிந்தே அந்த இடத்தில் சற்று வேகமாகப் படித்தாள். "சுனந்தினி சென்னின் மௌனம், மொழியறியா ஒருத்தியின் இயலாமை அன்று. தன்னை நுகர வந்த பார்வைக்கு மொழியை மறுக்கும் ஓர் எதிர்ப்புச் செயல்பாடு. வங்க மண்ணின் கூட்டு நினைவு அந்தக் கண்களில்..." இங்கே அவள் நிமிர்ந்து பார்த்திருக்க வேண்டியதில்லை. மனப்பாடமான வரிதான். ஆயினும் பார்த்தாள்.

மூன்றாம் வரிசையில் இருசம்மாள் புன்னகைத்துக்கொண்டிருந்தார். தலையை லேசாகச் சாய்த்து, எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு, எதுவும் புரியாதவரைப்போல. பழைய பத்திரிகைகளின் நடுப்பக்கங்களில் யாழினி கண்டு, வெட்டி, ஒட்டி, விளக்கம் எழுதிய அதே புன்னகை. அவர் முகத்துக்கு நேரே அவரைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கும் ஒருவருக்காக அவர் அதை அணிந்திருந்தார். அந்த ஒருவர் இப்போது யாழினி.

வாக்கியம் நின்றது. பீமராவ் மெல்லச் செருமினார். யாழினி தண்ணீர் குடித்துவிட்டு, மாமியாரைப் பாம்பாக்கி, போலீஸ் அதிகாரிக்குப் புகை மூட்டி, அம்பை எய்து முடித்தாள். கைதட்டல் எழுந்தது.

கேள்விகள் தொடங்கின. ஒப்பிலக்கியத் துறையிலிருந்து ஒருவர், சங்கு வளையலுக்கும் சிலம்புக்கும் உள்ள உறவைப் பற்றிக் கேட்டார். நல்ல கேள்வி. ஓர் ஆய்வு மாணவி, போலீஸ் அதிகாரியின் கண்ணாடி எதன் குறியீடு என்று கேட்டாள். அதுவும் நல்ல கேள்வி. அடுத்து ஜெபராஜ் எழுந்தான். ஆய்வாளரை வாழ்த்தினான், நெறியாளரை வணங்கினான், கைபேசியைப் பார்த்தான்.

"குளத்தங்கரைக் காட்சியில் சுனந்தினி சென் அவர்களின் விழிகள் உணர்த்தும் மெய்ப்பொருள் யாது என்பதை ஆய்வாளர் அன்புகூர்ந்து விளக்க இயலுமா?"

இதற்கு உரிய விடை நான்கு வாக்கியங்கள். அது யாழினியின் நாவில் தயாராக இருந்தது. "நல்ல கேள்வி," என்றாள். மூன்றாம் வரிசையைப் பார்த்தாள்.

ஜெபராஜ், அவளுக்குச் சரியாகக் காதில் விழவில்லையென்று எண்ணிக் கேள்வியை இன்னொருமுறை வாசித்தான்.

"ரொம்ப நல்ல கேள்வி," என்றாள் யாழினி.

பீமராவ் ஒலிவாங்கியை எடுத்துக்கொண்டார். "இதற்கான விடை ஆய்வேட்டின் மூன்றாம் இயலில் விரிவாகவே உள்ளது. காலத்தின் அருமை கருதி அமர்வோம்," என்று அறிவித்து, ஜெபராஜை அமரவைத்தார். தப்பித்தாயிற்று. அரங்கின் பின்கதவு திறந்து, ரெங்கராஜ் எட்டிப் பார்த்துக் கையால் சைகை காட்டினார்: இலை போட்டாகிவிட்டது. அவரோடு வத்தக்குழம்பின் மணமும் உள்ளே வந்து, ஒவ்வொரு வரிசையாக நின்று விசாரித்தது.

சகாயநாதன் கடிகாரத்தை எடுத்துக் கையில் கட்டிக்கொண்டே, சம்பிரதாயமான இறுதி வாக்கியத்தைச் சொன்னார். "அவையில் வேறு எவருக்கேனும் ஐயம் உண்டா?"

இதற்குச் சிறு மௌனமே விடை. அந்த மௌனத்தின் முடிவில் அவர் 'பரிந்துரைக்கிறேன்' என்று சொல்ல வேண்டும். எல்லாரும் எழ வேண்டும். முன்வரிசையில் சிலர் ஏற்கெனவே பாதி எழுந்திருந்தார்கள்.

"எனக்கு ஒரு கேள்வி இருக்குங்க ஐயா," என்றாள் யாழினி.

பாதி எழுந்தவர்கள் அப்படியே நின்றார்கள்.

"தங்களுக்கா?" சகாயநாதன் நிகழ்ச்சி நிரலைப் புரட்டினார். "தாங்கள் விடை சொல்ல வேண்டியவர் அல்லவா, அம்மா? கேள்வி அங்கிருந்து வர வேண்டும்."

"ஆமாங்க ஐயா. ஆனா எனக்கு விடை தெரியல. அதான் கேக்கறேன்."

"விடை தெரியாமலா?" என்றார் சகாயநாதன். பணிக்காலம் முழுவதிலும் அவர் கேட்டிராத வாக்கியம் அது. பீமராவைத் திரும்பிப் பார்த்தார். பீமராவ் சால்வையை இழுத்துத் தலையோடு போர்த்திக்கொள்ளலாமா என்று யோசிப்பவரைப்போல அதன் நுனியைப் பிடித்திருந்தார்.

யாழினி ஒலிவாங்கியோடு மேடையை விட்டு இறங்கினாள். முதல் வரிசையில் ஆனந்தவள்ளி, "ஏய், எங்கடி போற? மேல ஏறுடி," என்று அவள் தாவணிக்காலத்துக் குரலில் அதட்டியது ஒலிவாங்கியில் ஏறி, இணையத்தில் இருந்தோர்க்கும் போய்ச் சேர்ந்தது. அவள் மூன்றாம் வரிசையின் ஓரத்துக்குப் போய் நின்றாள்.

"இவங்க பேரு இருசம்மாள். மண்ணச்சநல்லூர்ல ரைஸ் மில் வெச்சிருக்காங்க. திரையில இருக்கறது இவங்கதான். சுனந்தினி சென்."

பின்கதவருகே ஒரு கரண்டி தரையில் விழுந்து, நெடுநேரம் சுழன்று ஓய்ந்தது. "மில்லுக்காரம்மாவா?" என்ற ரெங்கராஜின் குரல் தொடர்ந்தது. அவர் தம் பிளெக்ஸை நினைத்துக்கொண்டார் போலும்; தம்முடைய படத்தை அந்த அம்மாவுடையதைவிடப் பெரிதாகப் போட்டிருந்ததை நினைத்து, இரு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டார்.

அரங்கு முழுவதும் திரையையும் மூன்றாம் வரிசையையும் மாறி மாறிப் பார்த்தது. இருசம்மாள் பழக்கத்தால் புன்னகையை எடுத்து முகத்தில் வைத்தார்.

"அம்மா, அது வேண்டாங்க," என்றாள் யாழினி மெதுவாக. ஒலிவாங்கி அதையும் விடவில்லை. "இந்தக் குளத்தங்கரையில உக்காந்துக்கிட்டு நீங்க எதையோ பாக்கறீங்க. எதப் பாத்தீங்க? அப்ப மனசுல என்ன ஓடிச்சு? எனக்குத் தெரியாதுங்க. தெரிஞ்ச மாதிரி நாப்பது பக்கம் எழுதியிருக்கேன். தெரிஞ்ச மாதிரிதான் அண்ணனுக்கும் கேள்வி எழுதிக் குடுத்தேன். இப்ப நெஜமாவே கேக்கறேன்."

இருசம்மாளின் முகத்தில் புன்னகை கொஞ்ச நேரம் தங்கி, தனக்கு அங்கே வேலை இல்லை என்று தெரிந்துகொண்டு இறங்கியது. அவர் கையை நீட்டினார். யாழினி ஒலிவாங்கியைக் கொடுத்தாள். அவர் அதை முன்னும் பின்னும் பார்த்தார். இத்தனை படங்களில் நடித்தும் அவர் கைக்கு ஒருமுறைகூட வராத கருவி.

"பேசலாமா?" என்று அதில் கேட்டார். அவருடைய குரல், ஹூக்ளியின் ஈரம் சிறிதும் இல்லாமல், மில்லில் மோட்டார் சத்தத்துக்கு மேலே பேசிப் பழகிய தெளிவோடு, அரங்கின் கடைசி வரிசை வரை போய்த் திரும்பியது. பின்வரிசையில் யாரோ நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"சொல்றேம்மா. ஆனா அது கொளத்துல ஆரம்பிக்காது. எங்க அப்பாவுல ஆரம்பிக்கும். நெல்லு காயப்போடற களத்துல ஆரம்பிக்கும். நீளம்." அவர் பின்கதவைப் பார்த்தார், கரண்டியை எடுக்காமல் நின்ற ரெங்கராஜைப் பார்த்தார், மேடையில் கடிகாரத்தைப் பார்த்தார். "எலையெல்லாம் போட்டாச்சு போலிருக்கே. சாதம் ஆறிப்போயிடுமேம்மா?"

மேடையில் நாற்காலி இழுபடும் சத்தம் கேட்டது. சகாயநாதன் தம் நாற்காலியை மூன்றாம் வரிசையை நோக்கித் திருப்பிப் போட்டுக்கொண்டிருந்தார்.

யாழினி இருசம்மாளின் நாற்காலிக்கு எதிரே, அரங்கின் படியில், பட்டுப் பாவாடை கசங்குவதைப் பற்றிக் கவலைப்படாத ஒரு சிறுமியைப்போலச் சம்மணமிட்டு அமர்ந்தாள்.

"ஆறட்டுங்க," என்றாள். "சொல்லுங்க."